குதிரை மாறும் வித்தை

டெலிபிரிண்டர் காலத்தில் செய்திப் பிரிவில் குப்பை கொட்டியவர்களுக்குச் சில ஆங்கிலச் சொற்களோடு ஆயுள் பகை உண்டு. பொருளே தெரியாத சொல் என்றால் தொல்லை இல்லை, அகராதியைப் புரட்டினால் தீர்ந்தது. அகராதி ஒன்றைச் சொல்ல, வாக்கியம் வேறொன்றைக் கேட்கும் பாருங்கள், அந்த ரகச் சொற்கள்தான் ராத்திரி பக்கம் முடிக்கிற நேரத்தில் குரல்வளையைப் பிடிக்கும். எனக்கு வாய்த்த பகையாளியின் பெயர் ‘டெசல்டரிலி’. ஆங்கிலேயர்களே வாயில் போட்டு உருட்ட யோசிக்கிற வினையடை அது. அழுத்தத்தை முதல் அசையில் வைத்துவிட்டு, மிச்சத்தை மூச்சு விடாமல் விழுங்க வேண்டும். அழுத்தத்தைத் தள்ளி வைத்தால் நாக்கு சுளுக்கிக்கொள்ளும்.

1980களில் பெய்ரூட்டிலிருந்து செய்தி வராத ராத்திரி அபூர்வம். 1975-ல் தொடங்கிய லெபனான் உள்நாட்டுச் சண்டை 1990 வரை ஓடியது. நகரத்தைக் கிழக்கு, மேற்கு என்று பிளந்த ‘பச்சைக் கோடு’ எங்கள் டெஸ்க்கில் எல்லோருக்கும் மவுண்ட் ரோடு மாதிரி பழக்கமாகியிருந்தது. ஒருநாள் வந்த தாளில், கோட்டின் இரு பக்கத்தாரும் இரவெல்லாம் டெசல்டரிலி சுட்டுக்கொண்டார்கள் என்று இருந்தது. எல்லாமே பெரிய எழுத்தில் அடிக்கும் இயந்திரம் ஆகையால் அந்தச் சொல் இன்னும் மிரட்டலாகத் தெரிந்தது. பக்கத்து நாற்காலியில் ஆங்கில எம்.ஏ. முடித்துப் புதிதாகச் சேர்ந்த பையன். அகராதியைப் பார்த்து ஒழுங்காகத்தான் எழுதினான்: “இரு தரப்பினரும் இரவு முழுவதும் குறிக்கோள் இன்றிச் சுட்டுக்கொண்டனர்.”

தலைமை உதவி ஆசிரியர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். கோபம் வந்தால் கண்ணாடி மூக்கில் இருக்கும், வேடிக்கை தோன்றினால்தான் நெற்றிக்கு ஏறும்.

“ஏம்ப்பா, குறி இல்லாமச் சுடுறவனுக்குத் துப்பாக்கி எதுக்கு? தீபாவளிக்கு வாணம் விடுறானா?”

“டிக்‌ஷனரியில அப்படித்தான் சார் போட்டிருக்கு.”

“போட்டிருக்கும் தம்பி. ஆனா இங்கே குறி இருக்கு. ஒவ்வொரு தோட்டாவுக்கும் தனித்தனியா இருக்கு. ஒரு தோட்டாவுக்கும் அடுத்த தோட்டாவுக்கும் நடுவுலதான் சம்பந்தம் இல்லை.”

மறுநாள் பேப்பரில் “விட்டு விட்டுத் துப்பாக்கிச் சூடு நடந்தது” என்று வந்தது. வாசகர்கள் காபியோடு அதைக் கடந்து போயிருப்பார்கள். எனக்கு அவருடைய கடைசி வாக்கியம் காதிலேயே நின்றுவிட்டது. ‘இலக்கில்லாமல்’ என்று எல்லா அகராதியும் சொல்லும் ஒரு சொல்லை அவர் திருப்பிப் போட்டுவிட்டார். இலக்கு இருக்கிறது, தொடர்ச்சிதான் இல்லை. ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போவதற்கு முன்கூட்டி வகுத்த திட்டம் இல்லை.

அலுவலகத்தில் ஒரு கன்சைஸ் ஆக்ஸ்போர்டு அகராதி இருந்தது. முதுகு உடைந்து, பார்சல் தாள் வைத்து ஒட்டியிருக்கும். ஒவ்வொரு சொல்லின் கடைசியிலும் பொடி எழுத்தில் அதன் பூர்வீகம் கொடுத்திருப்பார்கள். அவசர வேலைக்குத் தேவைப்படாத பகுதி அது. அதனாலேயே எனக்குப் பிடித்த பகுதி. இந்தச் சொல்லின் பூர்வீகத்தில் ஒரு சர்க்கஸ் இருந்தது. லத்தீனில் ‘டெசுல்டோர்’ என்றால் தாவி இறங்குகிறவன். ரோமாபுரியின் பந்தயத் திடலில் ஓடுகிற ஒரு குதிரையிலிருந்து இன்னொரு குதிரைக்குப் பாய்கிற வித்தைக்காரன். தாவுவதைக் குறிக்கும் அதே லத்தீன் வேரிலிருந்துதான் இன்சல்ட், ரிசல்ட், அசால்ட் எல்லாம் முளைத்தன. இந்த மூன்றும் எப்போதோ தமிழ்நாட்டில் ரேஷன் கார்டு வாங்கிவிட்டன. பத்தாம் வகுப்பு ‘ரிசல்ட்’ வருகிறது, மாப்பிள்ளை வீட்டார் ‘இன்சல்ட்’ பண்ணிவிடுகிறார்கள். சென்னைப் பையன் ‘அசால்ட்டா’ என்று சொன்னால் அலட்டிக்கொள்ளாமல், அநாயாசமாக என்று அர்த்தம். அடிதடி எப்படி அலட்சியம் ஆயிற்று என்று அந்தப் பையனைத்தான் கேட்க வேண்டும். இவர்களுடைய ஒன்றுவிட்ட சகோதரன் டெசல்டரிலி மட்டும் இன்னும் வெளியூர்க்காரனாகவே நிற்கிறான்.

வார விடுமுறையில் எழும்பூர் கன்னிமாரா நூலகத்துக்குப் போவது அப்போது என் வழக்கம். 1896-ல் திறந்த நூலகம், நாட்டில் வெளியாகிற ஒவ்வொரு புத்தகத்தின் பிரதியும் வந்து சேர்கிற இடங்களில் ஒன்று. எதையாவது தேடப் போய் வேறெதையோ படித்துவிட்டு வருவதற்கு அதைவிடத் தோதான இடத்தை நான் பார்த்ததில்லை. வில்லியம் ஸ்மித் 1842-ல் தொகுத்த கிரேக்க ரோமானியப் பழம்பொருள் அகராதியில் இந்தக் குதிரைக்காரனுக்குத் தனிப் பதிவே இருக்கிறது. சேணம் இல்லாத குதிரைகள், தலையில் கம்பளித் தொப்பி. பாலட்டைன் குன்றுக்கும் அவென்டைன் குன்றுக்கும் நடுவில் கிடக்கும் சர்க்கஸ் மாக்சிமஸில் தேரோட்டத்தோடு இவர்கள் வித்தையும் நடக்கும். ஜூலியஸ் சீசர் நடத்திய விளையாட்டுகளில் பெரிய வீட்டுப் பிள்ளைகளே இப்படிக் குதிரை மாறினார்கள் என்று சுவெட்டோனியஸ் எழுதுகிறார்.

போர்க்களத்திலும் இந்த வித்தை உண்டு. நுமீடியக் குதிரை வீரர்கள் ஆளுக்கு இரண்டு குதிரைகளோடு போவார்கள். சண்டை உச்சத்தில் இருக்கும்போதே களைத்த குதிரையிலிருந்து களைக்காத குதிரைக்கு ஆயுதத்தோடு தாவுவார்கள் என்பது லிவியின் குறிப்பு. இன்னும் பின்னால் போனால் ஹோமர். இலியட்டின் 15-ஆம் காண்டத்தில் எயாஸ் கப்பலுக்குக் கப்பல் அடியெடுத்துத் தாண்டிச் சண்டை போடுவதைச் சொல்லும்போது, நான்கு குதிரைகளைப் பூட்டி ஓட்டி ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவும் கெட்டிக்காரனைத்தான் உவமை காட்டுகிறார். ஆணும் பெண்ணும் சாலை ஓரத்தில் நின்று வாய் பிளந்து பார்க்கிற காரியமாக அது இருந்திருக்கிறது.

இதைப் படித்தபோது எனக்குத் திருச்சிக்கு வந்த ஒரு சர்க்கஸ் ஞாபகம் வந்தது. பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது பார்த்தது. மாமா தயவில் முன்வரிசை, அதனால் குதிரைச் சாணி வாசனையும் இலவசம். வித்தை தொடங்குமுன் ஒருவர் வந்து குதிரையின் முதுகில் ஏதோ ஒரு தூளை அள்ளிப் போட்டுக் கையால் அறைந்து அறைந்து தேய்த்தார். கால் வழுக்காமல் இருக்க என்றார் மாமா. குதிரைகள் இரண்டும் வட்டத்தில் ஒரே தாளகதியில் ஓட ஆரம்பித்தன. மேலே நின்ற பெண்ணுக்கு எங்கள் அக்கா வயதுதான் இருக்கும். அவள் தன் காலடியில் ஓடிய குதிரையைப் பார்க்கவே இல்லை. பார்வை முழுக்கப் பக்கத்துக் குதிரையின் தோள்மேல். இரண்டு சுற்று சும்மா ஓடவிட்டாள். உதடு மட்டும் எதையோ எண்ணிக்கொண்டிருந்தது. மூன்றாவது சுற்றில் போய்விட்டாள். தாவினாள் என்று கூடச் சொல்ல முடியாது, இங்கே இருந்தவள் அங்கே இருந்தாள். அந்த வட்டத்தின் அளவுக்கும் ஒரு சரித்திரம் இருக்கிறது. 18-ஆம் நூற்றாண்டில் லண்டனில் குதிரை வித்தை காட்டிய பிலிப் ஆஸ்ட்லி கடைசியில் 42 அடி விட்டத்தில் வந்து நின்றார். குதிரை அந்த வளைவில் ஓடும்போதுதான் முதுகில் நிற்பவருக்குச் சமநிலை கிடைக்கிறது. உலகத்து சர்க்கஸ்கள் இன்றைக்கும் பெரும்பாலும் அந்த 42 அடியை விடவில்லை.

இவ்வளவு கணக்கும் கவனமும் வேண்டிய ஒரு தொழிலின் பெயர் எப்படி ‘ஏனோதானோ’வுக்கு வந்து சேர்ந்தது? பழியை ரோமானியர்கள்மேலேயே போடலாம். பார்க்கிறவனுக்கு வித்தைக்காரனின் கணக்கு தெரியாது, ஒன்றில் நிலையாக உட்காராதவன் என்பது மட்டும்தான் தெரியும். கவிஞர் ஓவிட் தன் காதல் கவிதைகளில், காதலில் தான் அப்படிக் குதிரை மாறுகிறவன் கிடையாது என்று ஒரு பெண்ணிடம் சத்தியம் செய்கிறார். ஓவிட்டின் மற்ற கவிதைகளைப் படித்தவர்கள் அந்தச் சத்தியத்தை எவ்வளவு நம்புவார்கள் என்பது வேறு விஷயம். ஆக, சொல் ஆங்கிலத்துக்குக் கப்பல் ஏறுவதற்கு முன்பே அதன் பெயர் கெட்டுப்போயிருந்தது.

ஆங்கிலத்தில் அது எங்கெங்கே குடியிருக்கிறது என்று பல வருடம் கவனித்திருக்கிறேன். பேச்சு அதன் சொந்த வீடு. ரயிலில் எதிர் சீட்டுக்காரரோடு வெயில், காப்பி விலை, அவருடைய மருமகன் வேலை என்று தொட்டுத் தொட்டு விடுகிறோமே, அந்தப் பேச்சு. அடுத்தது படிப்பு. பிறகு துப்பாக்கிச் சூடு, ராணுவ அறிக்கைகளுக்கு ரொம்ப வேண்டிய சொல் அது. கூட்டம் முடிந்ததும் இங்கொன்றும் அங்கொன்றுமாக விழுகிற கைதட்டலுக்கும் போடுவார்கள். கால்போன போக்கில் ஊர் சுற்றுவதற்கு அவ்வளவாகப் பொருந்தாது, அதற்கு வேறு வினையடைகள் கைவசம் இருக்கின்றன. டெசல்டரிலி வர வேண்டுமானால் காரியம் ஒன்று நடந்துகொண்டிருக்க வேண்டும், அது அறுந்து அறுந்து ஒட்ட வேண்டும், செய்கிறவருக்கு அதில் பாதி மனசாவது வேறெங்கோ இருக்க வேண்டும். இதோடு போட்டுக் குழப்பிக்கொள்ள ஏற்ற இன்னொரு சொல் ‘பர்ஃபங்க்டரிலி’. அது கடனே என்று செய்வது. அரசாங்க ஆபீசில் முத்திரை குத்துகிறவர் கடனே என்று குத்துகிறார், ஆனால் வரிசை தவறாமல் குத்துகிறார். அவர் டெசல்டரிலி குத்த ஆரம்பித்தால் பாதி விண்ணப்பம் முத்திரை இல்லாமல் போகும்.

எழுதுகிறவர்கள் பலபேர் வினையடையின் வாலைக் கத்தரித்துவிட்டு, ‘டெசல்டரி முறையில்’ என்று சுற்றிப் போவார்கள். பாஸ்வெல்லும் அப்படித்தான் போனார். சாமுவேல் ஜான்சனின் வாழ்க்கையை 1791-ல் வெளியிட்டபோது, ஜான்சனின் பதின்வயதுப் படிப்புக்கு அவர் கொடுத்த அடைமொழி இதுவே. அந்தப் புத்தகம் எனக்குக் கிடைத்தது சென்னை மூர் மார்க்கெட்டின் பழைய புத்தகக் கடை ஒன்றில். எவ்ரிமேன் பதிப்பு இரண்டு பாகம், கடைக்காரரிடம் இருந்தது முதல் பாகம் மட்டும். இரண்டாவது பாகம் கைக்கு வர ரொம்ப காலம் ஆயிற்று, அதுவரை 1784-ல் செத்துப்போன ஜான்சன் என் வீட்டில் சாகாமலே உட்கார்ந்திருந்தார்.

ஸ்டாஃபர்ட்ஷயரில் லிச்ஃபீல்டு என்ற ஊர். அப்பா மைக்கேல் ஜான்சனுக்குப் புத்தகக் கடை, வியாபாரம் சுமார். பள்ளியிலிருந்து திரும்பிவந்த பையன் இரண்டு வருடம் உருப்படியாக எதுவும் செய்யாமல் வீட்டில் இருக்கிறான். தம்பி ஆப்பிள்களை ஒளித்து வைத்திருக்கிறான் என்று அவனுக்கு ஒரு சந்தேகம். எங்கே? கடையின் மேல்தட்டில், ஒரு தடித்த புத்தகத்துக்குப் பின்னால். ஏறிப் பார்க்கிறான், ஆப்பிள் இல்லை. அந்தத் தடித்த புத்தகம் பெட்ரார்க். பண்டைய கல்வியை மீட்டவர்களில் ஒருவர் என்று ஏதோ ஒரு முன்னுரையில் அந்தப் பெயரைப் பார்த்த ஞாபகம். உட்கார்ந்து, பெரும்பகுதியைப் படித்துவிட்டுத்தான் எழுந்திருக்கிறான். இப்படிக் கிடைத்ததையெல்லாம் படித்தவன் 1728-ல் ஆக்ஸ்போர்டின் பெம்புரோக் கல்லூரிக்குப் போனபோது, இவ்வளவு தயாராக வந்த மாணவனைத் தான் பார்த்ததே இல்லை என்று அங்கே ஒருவர் சொன்னாராம். கல்லூரியைக் காசில்லாமல் பாதியில் விட்டார் என்பது தனிச் சோகம். பிற்காலத்தில் ஜான்சன் படிப்பைப் பற்றி உபதேசிக்கும்போது, மனசு இழுக்கிற பக்கம் படி, கடமையாகப் படித்தால் ஒட்டாது என்கிறார். மூச்சு விடுவதற்குள், இளைஞன் என்றால் நாளுக்கு 5 மணி நேரம் படிக்க வேண்டும் என்றும் சொல்கிறார். அந்த 5 மணி நேரத்தை வாசகர்கள் சௌகரியமாக மறந்துவிடுவது வழக்கம்.

எங்கள் வீட்டில் என் படிப்புக்கு அப்பா வைத்த பெயர் நுனிப்புல். பாடப் புத்தகத்துக்குள் வேறு புத்தகம் இருப்பதைப் பார்த்தால், “துரை மேய்ச்சலுக்குக் கிளம்பியாச்சா?” என்பார். அவர் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. மூர் மார்க்கெட்டில் நான் வாங்கியவற்றில் டீசல் பம்பு செட்டைப் பிரித்துப் பூட்டும் கையேடும் இருந்தது, முதல் அத்தியாயமே இல்லாத துப்பறியும் நாவலும் இருந்தது. குவியலில் குனிந்து, ஒன்றை எடுத்து, நாலு பக்கம் படித்து, கடைக்காரர் முறைக்கும்போது கீழே வைத்து, அடுத்ததை எடுக்கிற படிப்பு. கடைக்காரர்கள் புத்தகத்தைப் பார்த்து விலை சொல்வதில்லை, அதை நாம் பிடித்திருக்கிற பிடியைப் பார்த்துச் சொல்வார்கள். இறுகப் பிடித்தால் விலை ஏறும். அதனால் எல்லாவற்றையும் ஒரே அக்கறையின்மையோடு புரட்டப் பழகிக்கொண்டோம். வேண்டிய புத்தகம் கண்ணில் பட்டதும் கை அடுத்ததற்குத் தாவிவிட வேண்டும், கண் மட்டும் அங்கேயே நிற்கும். 1985 மே மாதம் அந்தக் கட்டடம் எரிந்துபோனது.

ஆனால் நுனிப்புல் மேய்ச்சலும் ஜான்சன் செய்ததும் ஒன்று என்று நான் சமாதானம் சொல்லிக்கொள்ள மாட்டேன். நுனிப்புல் மேய்கிற மாடு எந்தச் செடியிலும் தண்டு வரை போகாது. ஜான்சன் எந்த அலமாரிக்குப் போவார் என்பதில்தான் திட்டம் இல்லை, புத்தகத்தைக் கையில் எடுத்துவிட்டால் அதன் சாரத்தைப் பிழியாமல் வைக்கமாட்டார். தன்னைச் சோம்பேறி என்று ஆயுள் முழுக்கத் திட்டிக்கொண்ட அந்த மனிதர், லண்டன் கஃப் சதுக்கத்து வீட்டு மாடியில் 6 எழுத்தர்களை வைத்துக்கொண்டு அகராதி செய்தார். அதில் 5 பேர் ஸ்காட்லாந்துக்காரர்கள், ஸ்காட்லாந்தைக் கிண்டல் செய்யாமல் அவருக்குச் சாப்பாடு இறங்காது என்ற நிலையில். இரவல் வாங்கிய புத்தகங்களில் கூசாமல் பென்சிலால் கோடு போட்டுக் கொடுப்பார், எழுத்தர்கள் அந்த வாக்கியங்களைத் துண்டுத் தாளில் நகல் எடுப்பார்கள். 1755-ல் அகராதி வந்தபோது 40,000-க்கு மேல் சொற்கள், லட்சத்துக்கும் அதிகமான மேற்கோள்கள். தம்பி ஆப்பிளை ஒளிக்காமல் தின்றிருந்தாலும் அகராதி வந்திருக்கும்தான். ஆனால் மேற்கோளுக்கு எந்தப் புத்தகத்தை எடுப்பது என்ற மோப்பம் அந்த இரண்டு வருடத்துக் கடை வாசத்தில் வந்ததாகத்தான் நான் நினைக்கிறேன்.

ஓய்வு பெற்ற பிறகு இதழியல் மாணவர்களுக்கு மொழிபெயர்ப்பு வகுப்பு எடுக்கக் கூப்பிட்டார்கள். பழைய பகையாளியை அவர்கள் தலையில் கட்டாமல் விடுவேனா? பெய்ரூட் செய்தியைச் சொல்லி, குதிரைக்காரனைச் சொல்லி, ஆளுக்கொரு வாக்கியம் அமைக்கச் சொன்னேன். பெரும்பாலானவர்கள் தேநீரை டெசல்டரிலி கலக்கினார்கள். ஒரு மாணவி மட்டும், தன் பாட்டி தினமும் டெசல்டரிலி சீரியல் பார்ப்பதாகவும் ஒரு கதையைக்கூட விட்டதில்லை என்றும் எழுதியிருந்தாள். முன்பெஞ்சுப் பையன் ஒருவனுக்குப் பொறுக்கவில்லை.

“தப்பு சார். ஒண்ணையும் விடாமப் பார்த்தா அது எப்படி டெசல்டரி?”

“எட்டு மணிக்கு நாலு சேனல்ல நாலு சீரியல் ஓடும் சார்,” என்றாள் அவள். “பாட்டி முருங்கைக்கீரை ஆய்ஞ்சுக்கிட்டே ஒண்ணைப் பார்ப்பாங்க. விளம்பரம் வந்தா மாத்துவாங்க. அங்க அழுதா அடுத்ததுக்குப் போயிடுவாங்க. எந்த மருமக எந்த வீட்டுல விஷம் கலக்குறான்னு கேளுங்க, கரெக்டா சொல்வாங்க.”

“அப்போ அதுல பிளான் இருக்குல்ல?”

“விளம்பரம் எப்ப வரும்னு பாட்டிக்கு எப்படித் தெரியும்?”

வகுப்பு இரண்டு கட்சியாகப் பிரிந்து, மணி அடித்த பிறகும் சண்டை ஓயவில்லை. நான் பாட்டிக்கு முழு மார்க் போட்டேன். பையன் மறு மதிப்பீடு கேட்டிருக்கிறான்.